மல்லிகாவைக் கேட்டாயா?

கண்ணு, ஞாயிற்றுக்கிழமை நீ பெங்களூரிலிருந்து பேசிவிட்டுப் போனை வைத்த பிறகு, நான் அந்தப் போனையே முறைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். உன் அப்பா வந்து, "இன்னா சொல்றான்?" என்றார். "புஸ்தகத்துல நாலாவது அத்தியாயத்த எடுக்கச் சொல்றான்" என்றேன். "எடுத்துட்டா இன்னா இப்போ?" என்றார். அதற்குமேல் அவரிடம் பேச்சுக் கொடுத்தால் அன்றைக்கு வீட்டில் சோறு வேகாது என்று வாயை மூடிக்கொண்டேன். போனில் எனக்குப் பேச்சு வரவில்லை என்பது உண்மை. அது கோபம். நீ அதை அழுகை என்று நினைத்து, "அழாதம்மா, ப்ளீஸ்" என்றாயே, அதுதான் எனக்கு இன்னும் ஆறவில்லை. உன் அம்மா கோபப்பட்டால் எப்படி இருப்பாள் என்று இத்தனை வருஷத்தில் உனக்குத் தெரியாதா? அதனால் எழுதுகிறேன். உனக்கு மட்டும் எழுதவில்லை. முன்னுரை எங்கே, முன்னுரை எங்கே என்று அச்சகத்திலிருந்து நச்சரித்துக்கொண்டிருக்கிறார்கள். இந்தக் கடிதத்தையே முன்னுரையாகக் கொடுத்துவிடப் போகிறேன். உன் பெயரை எங்கேயும் எழுதவில்லை. பெற்றவள் என்ற முறையில் நான் காட்டும் சலுகை அவ்வளவுதான்.

நீ கேட்டது என்ன என்பதை, படிப்பவர்களுக்காக நேராக எழுதிவிடுகிறேன். அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை உனக்கும் கவிதாவுக்கும் நிச்சயதார்த்தம். கவிதாவின் அம்மா மல்லிகா, கீழ்பென்னாத்தூர் பக்கத்தில் ஒரு கிராமத்தின் ஊராட்சித் தலைவராக இருந்தவர். என் புத்தகத்தின் நான்காவது அத்தியாயம் அவரைப் பற்றியது. அதில் அவர் கணவர் பஸ் நிறுத்தத்தில் அவரைக் கைநீட்டி அறைந்தது வருகிறது. பெயர்களை மாற்றித்தான் எழுதியிருந்தேன். ஆனால் கல்லூரிக் கருத்தரங்கில் நான் அதை வாசித்ததை யாரோ கீழ்பென்னாத்தூர் டீக்கடையில் போய் ஊதிவிட்டார்கள். இது நம்ம ஆளுதானே என்று நாலு பேர் சிரித்திருக்கிறார்கள். உடனே அந்த மனிதர் உனக்குப் போன் போட்டு, "அந்தப் பக்கம் புஸ்தகத்துல இருந்தா பொண்ணு கெடையாது மாப்ள" என்று சொல்லிவிட்டார். நீ எனக்குப் போன் போட்டு, "ஒரே ஒரு அத்தியாயம்தானேம்மா, மாமா மூஞ்சில நான் எப்படி முழிக்கிறது?" என்று கேட்டாய். அவர் மூஞ்சியில் முழிப்பது அவ்வளவு கஷ்டம் என்றால் குனிந்துகொண்டு முழி. என்னால் எடுக்க முடியாது. எடுக்கவும் மாட்டேன்.

இதை நான் எதற்காக எழுத ஆரம்பித்தேன் என்று உனக்கு ஒருநாளும் உட்கார வைத்துச் சொன்னதில்லை. வடஆர்க்காட்டைப் பிரித்து இது தனி மாவட்டமான வருஷம்தான் நான் இந்த ஊர்க் கல்லூரிக்கு வேலைக்கு வந்தேன். வந்த புதிதில் பௌர்ணமிக்கு மலை சுற்றப் போனேன். பெரிய சாமி கும்பிடுகிறவள் இல்லை நான், வேடிக்கை பார்க்கப் போனேன். எத்தனை பெண்கள் அங்கே! கைக்குழந்தையோடு, கிழவிகளாக, கல்யாணமாகாத பெண்களாக, ரோட்டை அடைத்துக்கொண்டு நடக்கிறார்கள். களைத்தால் ரோட்டோரத்திலேயே முந்தானையை விரித்துப் படுக்கிறார்கள். எவனும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. மறுநாள் ஊர்க் கிணற்றைப் பற்றி ஒரு விவரம் கேட்கப் பக்கத்துக் கிராமத்துப் பஞ்சாயத்து ஆபீஸ் வாசலில் பத்து நிமிஷம் நின்றேன். அங்கே உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தவர், "இன்னாம்மா, யார் வீட்டுப் பொண்ணு நீ? இங்க இன்னா வேல?" என்று கேட்டார். நான் கல்லூரி ஆசிரியை என்றதும், "அப்ப வீட்டுக்காரர அனுப்பக்கூடாதா?" என்றார். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவே இல்லை. மலையைச் சுற்றலாம், ஊர்க் கிணற்றைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கக் கூடாதா? அந்தக் கேள்விதான் பிறகு என் ஆராய்ச்சியானது. பொது இடத்தில் ஒரு பெண் எதற்காக நிற்கலாம், எதற்காக நிற்கக் கூடாது, அதை யார் முடிவு செய்கிறார்கள் என்பதைத்தான் இத்தனை வருஷமும் தோண்டிக்கொண்டிருக்கிறேன்.

பஞ்சாயத்தில் மூன்றில் ஒரு பங்கு பெண்களுக்கு என்று சட்டம் வந்து, தொண்ணூற்றாறில் தேர்தல் நடந்ததும் நான் குதித்தேன். இனி இதைத்தான் எழுதப் போகிறேன் என்று வீட்டில் எல்லோரிடமும் சொன்னேன். டேப் ரிக்கார்டரைத் தூக்கிக்கொண்டு முதலில் போனது மல்லிகாவின் ஊருக்குத்தான். வீட்டு வாசலில் வெள்ளைச் சட்டை, கரை வேட்டியோடு ஒருவர் வரவேற்றார். "வாங்க மேடம், பிரசிடெண்ட பாக்கத்தானே? உக்காருங்க" என்றார். சுற்றியிருந்தவர்களும் அவரைத் "தலைவரே, தலைவரே" என்றுதான் கூப்பிட்டார்கள். நான் உட்கார்ந்து, கேள்வித்தாளை எடுத்து, "பெண் தலைவர்களுக்கு உள்ள சிரமங்கள் என்னென்ன?" என்று ஆரம்பித்தேன். அவர் பேசினார், பேசினார், அப்படிப் பேசினார். ஆபீஸர்கள் மதிப்பதில்லை, வீட்டு வேலை ஜாஸ்தி, வெளியே போய்வரப் பாதுகாப்பு கம்மி என்று என் கேள்வித்தாளுக்கு அச்சடித்த மாதிரி பதில். நடுவில் ஒரு அம்மா டீ கொண்டுவந்து வைத்தார். "தேங்க்ஸ்மா" என்று வாங்கிக் குடித்தேன். கேசட்டின் ஒரு பக்கம் முடிந்து, மறுபக்கம் போட்டுப் பதிவு செய்தேன். பஸ்ஸுக்குக் கிளம்பும்போது அந்த அம்மா வாசல்வரை வந்து, தயங்கித் தயங்கி, "மேடம், எங்கிட்டயும் எதுனா கேக்கணுமா?" என்றார். அவர்தான் ஊராட்சித் தலைவர் மல்லிகா. பெண் தலைவரின் சிரமத்தைப் பெண் தலைவர் டீ போட்டுக் கொடுக்க, அவர் புருஷனிடம் கேட்டுப் பதிவு செய்துகொண்டு கிளம்பிய அறிவாளி உன் அம்மா.

இதை உன்னிடம் சொன்னபோது சோபாவில் உருண்டு சிரித்தாய். அதுகூடப் பரவாயில்லை. நான் டாக்டர் பட்டம் வாங்கிய வருஷம் நடந்தது ஞாபகம் இருக்கிறதா? மகளிர் தினத்துக்குச் சிறப்பு விருந்தினராக அழைக்க ஒரு சங்கத்துக்காரர்கள் வீட்டுக்கு வந்தார்கள். "டாக்டர் இருக்காருங்களா?" என்றபடி உள்ளே வந்தவர்கள், நாற்காலியில் பனியனோடு உட்கார்ந்திருந்த உன் அப்பா தோளில் மாலையும் பொன்னாடையும் போட்டுவிட்டார்கள். மின்வாரியத்தில் மீட்டர் பார்க்கிற மனிதர், மகளிர் மேம்பாட்டுக்கு ஆற்றிய தொண்டுக்காகப் பொன்னாடையோடு முழித்துக்கொண்டு நின்றார். உன் அப்பா அதைக் கழற்றி என் மேல் போட்டு, "டாக்டர் இவங்கங்க, நான் டாக்டரோட வீட்டுக்காரன்" என்றார். அன்றைக்கு எனக்கு அவர்மேல் வந்த பிரியம் கொஞ்சநஞ்சமில்லை. ஆனாலும் ஞாயிற்றுக்கிழமை "எடுத்துட்டா இன்னா" என்றாரே, அந்த ஒரு வார்த்தைக்குப் பாதிப் பிரியம் போய்விட்டது. மீதியை அவர் எப்படிக் காப்பாற்றிக்கொண்டார் என்று பின்னால் சொல்கிறேன்.

நான்காவது அத்தியாயத்தை நீ முழுசாகப் படிக்கவில்லை என்று எனக்குத் தெரியும். படித்திருந்தால் அப்படிக் கேட்டிருக்க மாட்டாய் என்று நம்புகிறேன், அந்த நம்பிக்கையையும் கெடுத்துவிடாதே. சுதந்திர தினத்தன்று அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்தில் கொடியேற்றம். ஊராட்சித் தலைவர்தான் ஏற்ற வேண்டும். முந்தின வருஷங்களில் மல்லிகா பக்கத்தில் நிற்க, கயிற்றை இழுத்தது அவர் கணவர். அந்த வருஷமும் பழக்கத்தில் அவர் முன்னால் போய்க் கயிற்றைப் பிடித்தார். மல்லிகா அத்தனை பேர் முன்னாலும், "இப்டி குடுங்க" என்று கையை நீட்டினார். சத்தம் போடவில்லை, சாதாரணமாகத்தான் சொன்னார். அவரும் கொடுத்துவிட்டார். கொடி பாதியில் சிக்கிக்கொண்டது. பின்னாலிருந்து, "பொம்பள கை பட்டா இப்டித்தான்" என்று ஒருவன் சொல்ல, கொல்லென்று சிரிப்பு. மல்லிகா கொடியை இறக்கி, முடிச்சை அவிழ்த்துத் திரும்பக் கட்டி, நிதானமாக ஏற்றினார். பூ விழுந்தது. எல்லோருக்கும் மிட்டாய் கொடுத்தார். வீட்டுக்குப் போனதிலிருந்து அந்த மனிதர் அவரோடு பேசவில்லை. பேசாமல் இருந்ததும் நல்லதாகப் போயிற்று என்று மல்லிகாவே சொல்லிச் சிரித்தார். அந்த நாட்களில்தான் ஆபீஸ் வேலையை அவர் நிம்மதியாகக் கற்றுக்கொண்டாராம்.

அப்புறம் ஒரு திங்கட்கிழமை. ஊரில் குடிதண்ணீர் மோட்டார் எரிந்துபோய்ப் பெண்கள் எல்லாம் வயல் கிணற்றுக்குக் குடம் தூக்கிக்கொண்டிருந்தார்கள். கலெக்டர் ஆபீஸில் குறை கேட்கிற நாள் அது. மல்லிகா தானே போவதாகக் கிளம்பிவிட்டார். நானும் கூடவே போய்ப் பார்ப்பதாக ஏற்பாடு. நான் முன்னாலேயே பஸ்ஸில் ஏறி ஜன்னலோரம் இடம் பிடித்து உட்கார்ந்திருந்தேன். கீழே மல்லிகா ஏறப்போகும் நேரத்தில் அவர் கணவர் சைக்கிளில் வந்து இறங்கினார். "நான் போறேன்னு சொல்றேன்ல, நீ எங்க போற, இன்னா திமிரா?" என்றார். "பிரசிடெண்ட் நான்தானே, நான் போனாத்தானே கேப்பாங்க" என்றார் மல்லிகா. பளாரென்று அறை. பூக்கடை, டீக்கடை, பள்ளிக்கூடப் பிள்ளைகள், எல்லோரும் பார்க்க. நான் எழுந்து கூட்டத்தை விலக்கிக்கொண்டு வருவதற்குள் மல்லிகா படியேறி உள்ளே வந்து என் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டார். கன்னத்தில் விரல் பதிந்திருந்தது. கண்டக்டர் அவர் முகத்தைப் பார்க்காமல் டிக்கெட் கேட்டார். கலெக்டர் ஆபீஸ் இருக்கிற இடத்துக்கு, "வேங்கிக்கால் ரெண்டு" என்று மல்லிகா எனக்கும் சேர்த்து வாங்கினார். கொஞ்ச தூரம் போனதும் என் பக்கம் திரும்பி, "ஏன் மேடம், மோட்டாரு எத்தன எச்.பி.ன்னு கேப்பாங்களா?" என்றார். எனக்குத்தான் அழுகை வந்தது. அங்கே போனதும் ஒரு அதிகாரி, "உங்க வீட்டுக்காரர் வரலியா?" என்று கேட்டார். "வரல சார். தண்ணி இல்லாதது ஊருக்கு, நான் ஊருக்குத் தலைவரு. எங்கிட்ட சொல்லுங்க" என்றார் மல்லிகா. அந்த வாரத்துக்குள் மோட்டார் வந்தது.

இதுதான் அத்தியாயம். இதில் எந்தப் பக்கத்தை எடுக்கட்டும்? அறையை மட்டும் எடுத்துவிட்டால் என்ன என்று கேட்பாய். அறையை எடுத்துவிட்டால், கீழ்பென்னாத்தூரிலிருந்து ஒரு அம்மா ஜாலியாகப் பஸ் ஏறி வந்து மோட்டார் வாங்கிப் போன கதையாகிவிடும். அந்தக் கன்னத்தோடு அவர் போய் நின்றார் என்பதுதானே விஷயம்? இன்னொன்றும் யோசித்துப் பார். பஸ் ஸ்டாப்பில் நட்டநடுப் பகலில் அடித்தபோது அந்த மனிதருக்கு வெட்கமாக இல்லை. ஊரே பார்த்தபோது வெட்கமாக இல்லை. அச்சில் வரப்போகிறது என்றதும் வெட்கம் பொத்துக்கொண்டு வருகிறது. அடிப்பதைப் பொதுவில் செய்யலாம், அதை எழுதுவது மட்டும் குடும்ப விஷயமா? எந்த ஊர் நியாயம்டா இது? அவர் கெட்டவர் என்று நான் சொல்லவில்லை. கவிதாவைப் படிக்கக் கூடாது என்று சொந்தக்காரர்கள் எல்லாம் கூச்சல் போட்டபோது, எம்.ஏ. வரைக்கும் தினமும் அவளைச் சைக்கிளில் கொண்டுவந்து பஸ் ஏற்றிவிட்டவர் அவர்தான். அதே பஸ் ஸ்டாப்தான். அதையும் எழுதியிருக்கிறேன், போய்ப் படி. அவள் அப்படிப் படிக்க வந்ததால்தான் என் வகுப்புக்கு வந்தாள், புத்தகம் வாங்க நம் வீட்டுக்கு வந்தாள், லீவுக்கு வந்த நீ மூன்று வேளையும் சட்டை மாற்றிக்கொண்டு கூடத்தில் சுற்றிச்சுற்றி வந்தாய். என் ஆராய்ச்சி இல்லாவிட்டால் உனக்குக் காதல் ஏது?

எனக்கு உன்மேல் உள்ள ஆத்திரம் அத்தியாயத்தைப் பற்றியதுகூட இல்லை. உன் மாமனார் உன்னிடம் பேசினார். நீ என்னிடம் பேசினாய். பிறகு அப்பாவிடம் தனியாகப் பேசி அவரையும் சரிக்கட்டினாய். கவிதாவிடம், "எல்லாம் நான் பாத்துக்கறேன்" என்று சொன்னாயாம். அடி வாங்கினவர் மல்லிகா. கதை மல்லிகாவுடையது. மல்லிகாவைக் கேட்டாயா? ஒரு போன், ஒரே ஒரு போன் போட்டு, "அத்தை, இது உங்க விஷயம், நீங்க இன்னா சொல்றீங்க?" என்று கேட்க உனக்குத் தோன்றவில்லையே! கேள்வித்தாளோடு போய்த் தப்பான ஆளிடம் உட்கார்ந்த என்னைப் பார்த்து அப்படிச் சிரித்த பிள்ளை. கல்யாணத்துக்குப் பிறகு உன் வீட்டுக் கதவைத் தட்டி யாராவது கவிதாவைப் பற்றி உன்னிடம் எதையாவது கேட்டால், "அவளையே கேளுங்க" என்று சொல்லிப் பழகு. வேறு எந்தப் புத்திமதியும் எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

புதன்கிழமை மல்லிகாவே வந்தார். கதவைத் திறந்த உன் அப்பா, "வாங்க சம்பந்தி, ஒண்ணும் கவலப்படாதீங்க, அந்தப் பக்கத்த நாங்களே எடுத்துடறோம்" என்று ஆரம்பித்தார். மல்லிகா, "சார், நான் மேடத்த பாக்க வந்தேன்" என்று சொல்லிவிட்டு நேரே சமையலறைக்கு வந்து, காய்கறிக் கூடைக்குப் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டார். இவரும் எடுக்கச் சொன்னால்? அப்போது எடுத்துத்தான் ஆக வேண்டும், மறுபேச்சே கிடையாது, அவருடைய வாழ்க்கை அது. "எடுத்துடட்டுமா மல்லிகா?" என்று நானே கேட்டேன்.

"எதுக்கு எடுக்கறீங்க?" என்றார். "அப்ப நீங்க எழுதலாமானு கேட்டப்போ, பேரு மட்டும் வேணாம் மேடம், பொண்ணு கல்யாணம் ஆவணும்னு சொன்னேன்ல? இப்ப சொல்றேன், பேரப் போடுங்க. மல்லிகான்னே போடுங்க. ஓட்டு வாங்கி ஜெயிச்சது நானு, அடி வாங்கனது நானு, மோட்டார் எடுத்தாந்தது நானு. அதுல வேற எவ பேரோ எதுக்கு இருக்கணும்?" அவர் கணவர் நிச்சயதார்த்தத்துக்கு வரமாட்டேன் என்று படுத்துக்கொண்டிருக்கிறாராம். அப்படியானால் பெண் வீட்டுப் பக்கம் தட்டை யார் மாற்றுவது என்று உன் அப்பா வாசற்படியிலிருந்தே கவலையாகக் கேட்டார். அப்பாக்கள்தானே தட்டு மாற்றுவார்கள், அம்மாக்கள் பின்னால் நின்று பார்ப்பார்கள். "அவரு வந்தா ஓரமா உக்காரட்டும், வரலன்னாலும் சரி. தட்டு நான் மாத்தறேன்" என்றார் மல்லிகா. உன் அப்பா தலையைச் சொறிந்துகொண்டார். பிறகு என்னைப் பார்த்து, "அப்ப நம்ம பக்கம் நீயே மாத்திடு. நான் போட்டோ எடுக்கறேன்" என்றார். போன பாதிப் பிரியமும் வட்டியோடு திரும்பி வந்துவிட்டது.

எல்லாம் முடிந்தது என்றுதான் நினைத்தேன். கிளம்புவதற்கு எழுந்த மல்லிகா நின்றார். "கவிதா ஒண்ணு கேட்டுது மேடம். எனக்குப் பதில் சொல்லத் தெரியல" என்றார். என்ன என்றேன். "'உன்ன அடிச்சத மறைக்கச் சொல்ற ஆளு, நாளைக்கு என்ன அடிச்சா எதையெல்லாம் மறைப்பாரு'ன்னு கேக்குது. இவரக் கட்டிக்கலாமாம்மான்னு கேக்குது. அது உங்க புள்ள, நீங்கதானே வளத்தீங்க? நீங்க சொல்லுங்க மேடம், நான் அதுங்கிட்ட இன்னா சொல்றது?"

வெட்கமாக இருந்தது. ஊர்ஊராகப் போய்ப் பெண்களிடம் கேள்வி கேட்டவளை, என் சமையலறையிலேயே ஒரு பெண் கேள்வி கேட்டுவிட்டார். என் பிள்ளை கைநீட்ட மாட்டான் என்று சொல்ல வாய் வரைக்கும் வந்தது. எல்லா அம்மாவும் அதைத்தான் சொல்வாள் என்று விழுங்கிவிட்டேன். அன்று ராத்திரியே கவிதாவுக்குப் போன் போட்டு, அவள் சொன்னதை எழுதட்டுமா என்று கேட்டேன். "எழுதுங்க மேடம். அவரு படிக்கணும்" என்றாள்.

படித்துவிட்டாய். உன் மாமனார் பெண் தரமாட்டார் என்று பயந்தாய். அது அவர் கையில் இல்லை, என் புத்தகத்தின் கையிலும் இல்லை. புத்தகம் ஒரு பக்கம்கூடக் குறையாமல், மல்லிகாவின் பெயரோடு அச்சுக்குப் போகிறது. வெள்ளிக்கிழமை ஒன்பதரைக்கு மேல் பத்தரைக்குள் நல்ல நேரம். வியாழக்கிழமையே கிளம்பி வா. வந்ததும் என்னிடம் வராதே, அப்பாவிடமும் போகாதே, உன் மாமனார் காலிலும் விழாதே. கவிதாவிடம் போ. அவள் கேட்டதற்கு நீயே பதில் சொல். அவள் சரி என்றால் நானும் மல்லிகாவும் தட்டு மாற்றுவோம். அவள் வேண்டாம் என்றால், பெற்ற பிள்ளை என்று பார்க்கமாட்டேன், உனக்காக அவளிடம் ஒரு வார்த்தை பேசமாட்டேன்.